மடியில் கனம்

முதல் ஆளாகப் பேசாதே. கடைசி ஆளாகவும் பேசாதே.
இரண்டாவதாகப் பேசியது யார் என்று
யாருக்கும் ஞாபகம் இருக்காது.
நானூறு ஆட்டங்களில் நான் கற்ற முதல் பாடம் இது.

வார்டோவில் ஜனவரி.
சூரியன் எட்டிப் பார்க்க இன்னும் ஒன்பது நாள்.
சுரங்கத்துக்கு அப்பால் சாலையை மூடிவிட்டார்கள்,
மீன் ஆலையில் வேலை இல்லை.
எட்டு வீடுகளில் எட்டுத் திரைகள்.
திரைக்குள் ஒரு கலங்கரை விளக்கம், எட்டுக் காவலர்கள்;
அதில் இருவர் விளக்கை அணைக்க வந்தவர்கள்.
மற்றவர் எண்ணெய் ஊற்ற வேண்டும், கம்பி இணைக்க வேண்டும்,
முடிந்தால் உயிரோடிருக்க வேண்டும்.
மணி அடித்தால் கூட்டம்.
கூட்டம் முடிந்தால் ஒருவரைப் பாறையிலிருந்து தள்ளுவோம்.

(எங்கள் தீவின் மேற்குக் கரையில்
நீண்ட இருட்டுக் கட்டடம் ஒன்று உண்டு.
தொண்ணூற்றொரு சின்னச் சன்னல், சன்னலுக்கு ஒரு பல்பு.
முன்னொரு காலத்தில் சூனியம் என்று
அக்கம்பக்கத்தார் கைகாட்டியவர்களுக்காக.
ஆட்டத்தின்போது அதை யாரும் பேசுவதில்லை.
பள்ளியில் பேசியது போதும்.)

அணைப்பவளாக வாய்த்தால்
பொய்யைச் சின்னதாகச் சொல்.
"எண்ணெய் அறையில் இருந்தேன்" போதும்.
"ஆறு பீப்பாய் இருந்தது" என்றாயோ, தொலைந்தாய்.
உண்மையில் அங்கே இருந்தவன்
பீப்பாயை எண்ணிக்கொண்டிருக்க மாட்டான்.

ஒருத்தியை மட்டும் கடைசிவரை கொல்லாதே.
அவள் கூடவே நட, கதவைத் திறந்துவிடு.
இறுதி வாக்கில் உனக்காக அவள் கத்துவாள்,
நீ வாயே திறக்க வேண்டாம்.

ஆந்தே கொன்றாலும் சிரிப்பான், செத்தாலும் சிரிப்பான்.
அவனைப் படிக்க முயல்வது
கடல் காகங்களில் கணவன் மனைவி பிரிப்பது மாதிரி.
விட்டுவிடு.

எய்லிஃப் வேறு.
பொய்க்கு முன்னால் மூக்கால் ஒரு மூச்சு இழுப்பான்,
பனித் தண்ணீரில் குதிக்கப் போகிறவன் போல.
மூன்று வருடம் இதை நான் யாரிடமும் சொல்லவில்லை.
சொன்னால் அவன் மூச்சை மாற்றிக்கொள்வான்,
என் வெற்றிக் கணக்கு சரிந்துவிடும்.

அந்தச் செவ்வாய் இரவு
மேல் படிக்கட்டில் ஒட்னி செத்துக் கிடந்தாள்.
மணி அடித்தது. யாரும் பேசவில்லை.
மௌனம் தாங்காத சொல்ஃப்ரிட் சும்மா கேட்டாள்:
"எய்லிஃப், புயல் ஓய்ந்ததும் படகு இறங்குமா?"
மூச்சு.
"இறங்கும், ஏன் இறங்காது?"

எனக்குக் கேட்டது மூச்சு மட்டும்.
இரண்டாவதாகப் பேசினேன். மெதுவாகப் பேசினேன்.
விளக்கு அணைந்த நேரம், படிக்கட்டின் தூரம், அவன் வந்த திசை
எல்லாவற்றையும் கோத்து மாலையாகப் போட்டேன்.
ஐந்து வாக்கு.
அவன் எதிர்த்து ஒரு சொல் சொல்லவில்லை.
விழுந்தபின் திரை எழுதிக் காட்டியது:
எய்லிஃப், காவலர்.

அணைத்தவர்கள் ஆந்தேயும் சொல்ஃப்ரிட்டும்.
ஆந்தே சிரித்தான்.

சாலை திறந்த பிறகு துறைக்குப் போனேன்.
அவன் படகு கட்டும் இடத்தில்
இரும்பு வளையம் மட்டும், மேலே விரல் பருமன் பனி.
போட்ஸ்ஃபியூர் ஆள் ஒருவன் வாங்கிவிட்டானாம்,
கையெழுத்து அந்தச் செவ்வாய் காலையிலேயே.

மடியில் கனம் இருந்தது, நான் கேட்டது சரிதான்.
நாங்கள் தேடிய பொருள் அதில் இல்லை.

வியாழன் இரவு அவன் ஆட்டத்துக்கு வந்தான்.
மற்றவர்கள் வருவதற்குள் கேட்டான்:
"ஒவ்வொரு தடவையும் என்னை எப்படிக் கண்டுபிடிக்கிறாய்?"

"அதிர்ஷ்டம்" என்றேன்.

அதற்கு முன்னால் மூக்கால் நான் இழுத்த மூச்சு
ஒலிவாங்கியில் எவ்வளவு தெளிவாக விழுந்தது
என்று எனக்குத் தெரியவில்லை.
அவன் எதுவும் சொல்லவில்லை.